கழுத்தணியைத் துறந்த அரசி: புனித எதெல்திரேதா



பிள்ளை பிறந்த இல்லத்தில் முதலில் எழும் கேள்விகளுள் ஒன்று, என்ன பெயர் சூட்டுவது என்பதாகும். திருமுழுக்கு நாளன்று ஆலய வாசலில் குருவானவர் பெற்றோரை நோக்கி முதலிற் கேட்பதும் பிள்ளையின் பெயரையே. அந்தப் பெயராலேயே இறைவன் அப்பிள்ளையை அழைக்கின்றார். அந்தப் பெயரோடேயே அது திருச்சபையின் மடியில் வளர்கின்றது. எனினும் நாம் சூட்டும் பெயருக்குப் பின்னால் யார் நிற்கின்றார், அவர் எவ்வாறு வாழ்ந்தார் என்பதை நம்மில் எத்தனை பேர் அறிந்திருக்கின்றோம்?

ஓட்றி என்பது ஓர் ஆங்கிலப் பெண் பெயர். செவிக்கு இனிய சிறிய பெயர். இதன் மூலவடிவம் எதெல்திரேதா என்பதாகும். இன்று இங்கிலாந்திலும் இந்த நெடிய பெயரை எவரும் பிள்ளைக்குச் சூட்டுவது மிக அரிது. பழைய ஆங்கில மொழியில் 'எதெல்' என்றால் உயர்குடிப் பிறந்த, மேன்மைமிக்க என்று பொருள். 'திரித்' என்றால் வலிமை. இவ்விரு சொற்களும் இணைந்து, மேன்மைமிக்க வலிமை எனப் பொருள்படும் பெயர் உருவாயிற்று. இலத்தீன் மொழியில் எழுதியோர் அதனை எதெல்திரேதா ஆக்கினர். நாட்டு மக்களின் நாவில் அது தேய்ந்து தேய்ந்து ஓட்றி ஆயிற்று. எதெல் என்ற முன்பாதியோ பத்தொன்பதாம் நூற்றாண்டில் தனிப்பெயராகி உலகெங்கும் பரவிற்று.

இப்பெயரைத் தாங்கிப் புனிதையானவர், ஏழாம் நூற்றாண்டில் வாழ்ந்த ஓர் அரசி. அவரது பெயர் ஒரு காலத்தில் அரசரும் ஆயரும் தலைவணங்கிய பெயராக இருந்தது. பின்னொரு காலத்தில் மலிவான பகட்டைக் குறிக்கும் ஏளனச் சொல்லாகவும் தாழ்ந்தது. அந்த வரலாற்றையே இவ்வாரம் சிந்திப்போம்.

அரச குடும்பத்தில் ஓர் அழைப்பு

அந்நாளில் இங்கிலாந்து ஒரே நாடாக இருக்கவில்லை. பல சிற்றரசுகள் ஒன்றோடொன்று போரிட்டு வந்தன. கிறிஸ்தவ மறை அங்கு வேரூன்றத் தொடங்கிய காலம் அது. திருத்தந்தை பெரிய கிரகோரியார் அனுப்பிய அகுஸ்தீனார் 597ஆம் ஆண்டிலேயே கென்ற் நாட்டில் கால்பதித்திருந்தார். அதன்பின் ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் கழித்து, கிழக்கு ஆங்கிலியா நாட்டை ஆண்ட அன்னா என்னும் மன்னரின் மகளாக எதெல்திரேதா பிறந்தார். அன்னா என்பதைப் பெண்பெயர் என்று நாம் எண்ணக்கூடும். அந்நாட்டில் அது ஆண்களுக்கும் உரிய பெயராக இருந்தது.

அன்னா மன்னர் பக்திமிக்கவர். அவரது புதல்வியர் பலர் புனித வாழ்வில் சிறந்து விளங்கினர். மூத்தவரான சியக்ஸ்பர்கா கென்ற் நாட்டு மன்னரை மணந்து, கைம்பெண்ணான பின் துறவறம் பூண்டார். எதெல்பர்கா கடல்கடந்து பிரான்சு நாட்டிற்குச் சென்று ஒரு கன்னியர் மடத்தின் தலைவியானார். பிள்ளைகளுக்கு நிலமும் பொன்னும் சேர்த்து வைப்பதைக் காட்டிலும் பெரிய செல்வம் ஒன்று உண்டு என்பதை அந்த அரண்மனை அறிந்திருந்தது. ஆயினும் அவ்வீட்டைத் துன்பம் விட்டுவைக்கவில்லை. மேர்சியா நாட்டு மன்னன் பெண்டா படையெடுத்து வந்தபோது, 654ஆம் ஆண்டளவில் அன்னா மன்னர் போர்க்களத்தில் மாண்டார்.

எதெல்திரேதாவின் உள்ளம் இளமையிலேயே துறவை நாடியது. ஆனால் அரச குலத்துப் பெண்ணின் திருமணம் அந்நாளில் அவளது விருப்பத்தைப் பொறுத்ததன்று. நாடுகளுக்கிடையே செய்யப்படும் உடன்படிக்கையின் ஒரு பகுதி அது. முதலில் அவரைத் தோண்ட்பெர்ட் என்னும் தலைவருக்கு மணம் முடித்து வைத்தனர். சதுப்பு நிலங்கள் சூழ்ந்த பகுதியை ஆண்டவர் அவர். மணமாகிச் சிறிது காலத்திலேயே தோண்ட்பெர்ட் இறந்தார். ஈலி என்னும் தீவுப் பகுதி அவரிடமிருந்தே எதெல்திரேதாவுக்குச் சீதனமாய்க் கிடைத்தது என்பது பிற்கால மடத்து மரபு.

கைம்பெண்ணான பின் செபத்திலும் தனிமையிலும் நாட்களைக் கழிக்கலாம் என்று அவர் எண்ணியிருக்கக்கூடும். அதுவும் நிலைக்கவில்லை. 660ஆம் ஆண்டில் வடக்கே பெருவல்லமையுடன் விளங்கிய நோர்தம்பிரியா நாட்டு இளவரசர் எக்பிரித்துக்கு அவர் இரண்டாம் முறையாக மணம் முடிக்கப்பட்டார். மணமகனுக்கு அப்போது வயது ஏறத்தாழப் பதினைந்து. மணமகள் அவரைவிடப் பல ஆண்டுகள் மூத்தவர். பத்து ஆண்டுகள் சென்றபின் எக்பிரித் மன்னரானார், எதெல்திரேதா அரசியானார்.

பன்னிரண்டு ஆண்டுப் போராட்டம்

இந்த இரண்டு திருமணங்களிலும் எதெல்திரேதா தமது கன்னிமையைக் காத்துக்கொண்டார் என்று எழுதுகின்றார் புனித பீட். திருச்சபையின் மறைவல்லுநரான இவர், எதெல்திரேதா மண்ணில் வாழ்ந்த நாட்களிலேயே பிறந்தவர். இச்செய்தியைச் சிலர் ஐயுற்றபடியால், அரசிக்கு ஆன்மீக வழிகாட்டியாக இருந்த ஆயர் வில்பிரிட் அவர்களையே நேரிற் கேட்டு உறுதி செய்துகொண்டதாக அவர் குறிப்பிடுகின்றார். அரசியின் மனத்தை மாற்றித் தந்தால் நிலமும் பெருந்தொகைப் பணமும் தருவதாக எக்பிரித் அந்த ஆயருக்கு வாக்களித்திருந்தார். அரசி வேறு எவருடைய சொல்லையும்விட ஆயரின் சொல்லையே மதிப்பார் என்பதை மன்னர் அறிந்திருந்தார். எனினும் ஆயர் அதற்கு இணங்கவில்லை.

குடும்ப வாழ்வில் இருக்கும் நமக்கு இவ்விடத்தில் ஓர் ஐயம் எழுவது இயல்பே. திருமணம் ஓர் அருளடையாளம் அன்றோ? கணவனை விட்டுப் பிரிந்து செல்வது எவ்வாறு புனிதமாகும்? இக்கேள்வியைத் தட்டிக்கழிக்க வேண்டியதில்லை. எதெல்திரேதா இரவோடு இரவாக ஓடிப்போனவர் என்று பீட் கூறவில்லை. பன்னிரண்டு ஆண்டுகள் அவர் எக்பிரித்தோடு வாழ்ந்தார். உலகக் கவலைகளை விட்டுக் கிறிஸ்து அரசருக்கு மட்டுமே பணிபுரிய இசைவு தருமாறு நெடுங்காலம் கணவரிடம் மன்றாடினார். இறுதியில் மிகுந்த தயக்கத்தோடு மன்னர் இசைந்தார். அந்த இசைவைப் பெற்ற பின்னரே அவர் அரண்மனையை விட்டு வெளியேறினார். திருமண வாழ்வு தாழ்ந்தது என்பதன்று இதன் பொருள். தாம் விரும்பாத மணவாழ்வு தம்மீது சுமத்தப்பட்ட ஒரு பெண், தம்மை இறைவன் எங்கே அழைத்தாரோ அங்கே செல்வதற்காகப் பொறுமையோடு காத்திருந்த வரலாறு இது.

எக்பிரித்தின் மனவருத்தமும் இதில் உண்டு என்பதை நாம் மறத்தலாகாது. பின்னாளில் அவர் வேறொரு பெண்ணை மணந்தார். ஆயர் வில்பிரிட்டோடு பகைமை முற்றி, 678இல் அவரை நாட்டை விட்டே துரத்தினார். மன்னர் தம் இசைவை மாற்றிக்கொண்டு எதெல்திரேதாவைப் பின்தொடர்ந்தார் என்றும், கடல் பொங்கி எழுந்து அவருக்கு அரண் செய்தது என்றும், வழியில் அவர் ஊன்றிய கைத்தடி ஒரே இரவில் தளிர்த்து மரமாயிற்று என்றும் ஈலி மடத்து மரபுக்கதைகள் கூறுகின்றன. மக்கள் தம் அன்பினால் புனைந்து சேர்த்த மாலைகளாக இவற்றைக் கொள்ளலாம்.

ஈலித் தீவின் மடம்

672ஆம் ஆண்டளவில் எதெல்திரேதா கோல்டிங்ஹாம் மடத்தில் சேர்ந்தார். அங்கே தலைவியாக இருந்த எப்பா அம்மையார் எக்பிரித் மன்னரின் அத்தை. ஆயர் வில்பிரிட்டின் கைகளிலிருந்து எதெல்திரேதா துறவற முக்காட்டைப் பெற்றார். ஓராண்டின் பின் தம் பிறந்த நாட்டுக்குத் திரும்பி, 673ஆம் ஆண்டில் ஈலித் தீவில் தாமே ஒரு மடத்தை நிறுவினார்.

ஈலி என்பது சதுப்பும் நீரும் சூழ்ந்த மேட்டுநிலம். ஏறத்தாழ 600 குடும்பங்கள் வாழ்வதற்கான நிலம் அங்கு இருந்தது. சுற்றியிருந்த நீர்நிலைகளில் விலாங்கு மீன் மிகுதியாக அகப்பட்டதால் அவ்விடத்துக்கு அப்பெயர் வந்தது. சகோதரரும் சகோதரிகளும் தனித்தனி இல்லங்களில் வாழ்ந்து, ஒரே தலைவியின் கீழ் இறைவனைப் புகழ்ந்த இரட்டை மடமாக அது விளங்கியது.

அரண்மனையில் பட்டும் பொன்னும் அணிந்தவர் மடத்தில் மெல்லிய நாரிழை ஆடையை விலக்கி, முரட்டுக் கம்பளி ஆடையையே உடுத்தினார். பெருவிழாக்கள், தவிர்க்கவியலாத தேவைகள் நீங்கலாக, நாளுக்கு ஒரு வேளைக்கு மேல் உண்பது அரிது. நள்ளிரவுக்குப் பின் பாடப்படும் செபவழிபாடு முடிந்ததும் ஏனையோர் உறங்கச் செல்வர். நோயுற்ற நாட்கள் நீங்கலாக, அவர் விடியும்வரை ஆலயத்திலேயே செபத்தில் நிலைத்திருப்பார்.

இவை யாவற்றினும் உள்ளத்தைத் தொடும் செய்தி ஒன்று உண்டு. குளிர்மிகுந்த அந்நாட்டில் வெந்நீரில் குளிப்பது பெரும் சுகமாகும். எதெல்திரேதாவோ உயிர்ப்புப் பெருவிழா, தூய ஆவிப் பெருவிழா, திருக்காட்சிப் பெருவிழா ஆகியவற்றுக்கு முன்னரே அன்றி வெந்நீரில் குளிப்பது அரிது. அப்பொழுதும் அவர் முதலிற் குளிப்பதில்லை. பணிப்பெண்களைத் துணைக்கு வைத்துக்கொண்டு, மடத்தின் சகோதரிகளைத் தம் கைகளாலேயே நீராட்டிய பின்னர், எல்லாருக்கும் கடைசியாகவே தாம் குளிப்பார். சீடர்களின் பாதங்களைக் கழுவிய ஆண்டவரை அவர் நூல்களில் மட்டுமன்றித் தம் கைகளிலும் கற்றிருந்தார். அரசி என்ற நிலையில் அவருக்கு நீர் வார்க்கப் பலர் இருந்தனர். மடத்தின் தாய் என்ற நிலையில் அவரே பிறருக்கு நீர் வார்த்தார்.

அவருடைய எடுத்துக்காட்டு அவரைச் சுற்றியிருந்தோரையும் மாற்றியது. கிழக்கு ஆங்கிலியாவிலிருந்து அவரோடு வந்து, அவரது அரண்மனை நிர்வாகத்தின் தலைவராய் இருந்தவர் ஓவின் என்பவர். அவரும் உலகைத் துறந்து, கையில் ஒரு கோடரியையும் ஒரு வாய்ச்சியையும் ஏந்தியவாறு லாஸ்டிங்ஹாம் மடத்தின் வாயிலை அடைந்தார். சோம்பியிருக்க வரவில்லை, உழைக்கவே வந்தேன் என்பதைச் சொல்லாமற் சொல்லிய கருவிகள் அவை. பிறர் உள்ளே அமர்ந்து மறைநூல் கற்றபோது, அவர் வெளியே வேலை செய்தார்.

கழுத்தில் வந்த நோய்

தலைவியாகி ஏழாம் ஆண்டில், மடத்தில் கொள்ளைநோய் பரவியது. எதெல்திரேதாவின் தாடையின் கீழ், கழுத்தில் பெரிய கட்டி ஒன்று தோன்றியது. கினெபிரித் என்னும் மருத்துவர் வரவழைக்கப்பட்டார். அவர் கட்டியைக் கீறிச் சீழை வெளியேற்றினார். இரண்டு நாட்கள் வலி தணிந்தது. பிழைத்துக்கொள்வார் என்று பலரும் நம்பினர். மூன்றாம் நாள் வேதனை மீண்டது. 679ஆம் ஆண்டு ஜூன் 23ஆம் நாள் அவர் ஆண்டவரில் துயில்கொண்டார்.

அந்த நோயை அவர் ஏற்றுக்கொண்ட விதமே அவரது வாழ்வின் திறவுகோல் எனலாம். இளம்பெண்ணாக இருந்தபோது கழுத்து நிறையப் பொன்னும் முத்தும் பதித்த அணிகளை வீண்பெருமைக்காகச் சுமந்தேன்; இப்பொழுது அதே கழுத்தில் இந்தச் சிவந்த கட்டியைச் சுமக்க இறைவன் அருள்கின்றார் என்று அவர் மகிழ்வோடு கூறுவதுண்டாம்.

இதை நாம் சரியாக விளங்கிக்கொள்ள வேண்டும். நோயெல்லாம் பாவத்தின் தண்டனை என்று திருச்சபை போதிப்பதில்லை. நோயுற்ற ஒருவரின் படுக்கையருகே நின்று, நீ செய்ததற்கு இது கைம்மாறு என்று சொல்லும் உரிமை எவருக்கும் இல்லை. பிறவியிலேயே பார்வையற்றவரைக் குறித்துச் சீடர்கள் அவ்வாறு எண்ணியபோது, ஆண்டவர் அவர்களைத் திருத்தினார். எதெல்திரேதா பிறருடைய நோயைத் தீர்ப்பிடவில்லை. தம்முடைய நோயை மட்டுமே தம் மனமாற்றத்துக்குரிய வாய்ப்பாக எடுத்துக்கொண்டார். பிறர்மீது கல்லெறியும் கை வேறு. தன் மார்பிலேயே அறைந்துகொள்ளும் கை வேறு.

தம்மை ஏனைய சகோதரிகளின் நடுவே, இறந்தோரின் வரிசையில் வரும் முறைப்படி, எளிய மரப்பெட்டியில் அடக்கம் செய்யுமாறு அவர் கேட்டுக்கொண்டார். அவ்வாறே செய்யப்பட்டது.

அவருக்குப் பின் தலைவியானவர் அவரது தமக்கை சியக்ஸ்பர்கா. பதினாறு ஆண்டுகள் சென்றபின், தங்கையின் உடலை ஆலயத்துக்குள் மாற்ற அவர் விரும்பினார். சதுப்பு நிலமான ஈலியில் பெரிய கற்கள் கிடையா. எனவே சகோதரர் சிலர் படகேறிக் கல் தேடிச் சென்றனர். இன்றைய கேம்பிரிட்ஜ் நகருக்கு அண்மையில், பாழடைந்த ஒரு பழைய நகரின் மதிலருகே, மூடியோடு கூடிய அழகிய வெண்பளிங்குப் பேழை ஒன்று அவர்களுக்குக் கிடைத்தது. 695ஆம் ஆண்டு அக்டோபர் 17ஆம் நாள் கல்லறை திறக்கப்பட்டபோது, உடல் அழியாமல், உறங்குபவரைப் போலக் காணப்பட்டதாகப் பீட் எழுதுகின்றார். கினெபிரித் மருத்துவரும் அங்கு நின்றார். தாம் கீறிய காயத்தைத் தேடிய அவர், அது ஆறிப்போய் மெல்லிய தழும்பாக மட்டும் இருக்கக் கண்டு வியந்தார். பளிங்குப் பேழையும் அளவெடுத்துச் செய்ததுபோல் அவ்வுடலுக்குப் பொருந்தியது.

பெயர் தாழ்ந்த வரலாறு

எதெல்திரேதாவின் கல்லறை பெரும் திருயாத்திரைத் தலமாயிற்று. கழுத்து, தொண்டை நோயுற்றோர் அவரது மன்றாட்டை நாடினர். ஏறத்தாழ 870இல் தேனியர் மடத்தை அழித்தபோதும், 970இல் அது மீண்டும் எழுப்பப்பட்டது. 1083இல் தொடங்கிய பெருங்கோவில் 1109இல் ஆயரின் பேராலயமாயிற்று. 1322இல் அதன் நடுக்கோபுரம் சரிந்து விழுந்தபோது எழுப்பப்பட்ட எண்கோண மண்டபம் இன்றளவும் காண்போரை வியக்க வைக்கின்றது. அதன் தூண்களில் புனிதையின் வாழ்க்கைக் காட்சிகள் செதுக்கப்பட்டுள்ளன.

புனிதையின் திருநாளையொட்டி ஈலியில் ஆண்டுதோறும் சந்தை கூடியது. அங்கே பெண்கள் கழுத்தில் அணியும் பட்டு நாடாக்கள் விற்கப்பட்டன. அவற்றைப் 'புனித ஓட்றி நாடா' என்றனர். ஆங்கிலத்தில் 'செயின்ட் ஓட்றி' என விரைந்து சொல்லும்போது, முன்சொல்லின் ஈற்றிலுள்ள மெய் பின்சொல்லின் உயிரோடு புணர்ந்து 'டோட்றி' என ஒலிக்கும். நம் தமிழின் புணர்ச்சியை அறிந்தோருக்கு இது புதிதன்று. அந்த நாடாக்கள் காலப்போக்கில் தரம் குறைந்து, பளபளப்பு மட்டுமே மிஞ்சிய மலிவுப் பொருட்களாயின. பதினேழாம் நூற்றாண்டில் 'டோட்றி' என்ற சொல்லே பகட்டான, மட்டமான என்ற பொருளைப் பெற்றுவிட்டது. இன்றும் ஆங்கில அகராதிகளில் அச்சொல் அப்பொருளோடே நிற்கின்றது. நாடகாசிரியர் ஷேக்ஸ்பியர் தம் நாடகம் ஒன்றில் ஆடு மேய்க்கும் பேதைப் பெண்ணுக்கு ஓட்றி என்று பெயரிட்டதும் ஏறக்குறைய அக்காலத்திலேயே.

கழுத்தணியின் வீண்பெருமைக்காகக் கண்ணீர் வடித்த ஒருவரின் பெயரே மலிவான கழுத்தணியின் பெயராயிற்று! புனிதரின் வாழ்வை மறந்து விழாவை மட்டும் வைத்துக்கொண்டால் என்ன நேரும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டுமோ? அதற்கு முன்னரே, 1541இல், சமயக் குழப்பங்களின் நடுவே அவரது கல்லறையும் இடித்தழிக்கப்பட்டிருந்தது. இன்று பேராலயத்தின் தரையில் பதித்த ஒரு கற்பலகை மட்டுமே அது இருந்த இடத்தைக் காட்டுகின்றது.

ஆனாலும் இறைவன் தம் அடியாரின் பெயரைக் கைவிடவில்லை. பதின்மூன்றாம் நூற்றாண்டின் இறுதியில் ஈலி ஆயர்களுக்காக இலண்டனில் கட்டப்பட்ட புனித எதெல்திரேதா சிற்றாலயம், 1870களில் ரோஸ்மினி சபையைச் சேர்ந்த குரு வில்லியம் லொக்ஹார்ட்டின் முயற்சியால் மீண்டும் கத்தோலிக்கரின் கைக்கு வந்தது. ஆண்டுதோறும் பெப்ரவரி 3ஆம் நாள், புனித பிளேசியாரின் திருநாளில், அங்கே மக்களின் தொண்டைகள் ஆசீர்வதிக்கப்படுவது வழக்கம். ஓட்றி என்ற பெயரும் பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியிலிருந்து மீண்டும் மதிப்புப் பெற்றது. 1929இல் பிறந்து 1993இல் மறைந்த திரைப்பட நடிகை ஓட்றி ஹெப்பேர்ன் அதனை உலகறியச் செய்தார். அவரும் புகழின் உச்சியோடு நின்றுவிடாமல், தம் இறுதி ஆண்டுகளில் எத்தியோப்பியா, சோமாலியா போன்ற நாடுகளில் பசியால் வாடிய குழந்தைகளைத் தேடிச் சென்றதை உலகம் நினைவில் வைத்திருக்கின்றது.

நமக்கு ஒரு சிந்தனை

அன்பார்ந்தவர்களே, பொன் அணிவது பாவமன்று. பெற்றோர் ஆசையோடு பூட்டும் சங்கிலியிலும் கணவன் கட்டிய தாலியிலும் அன்பு உண்டு. ஆனால் அயலார் பார்க்க வேண்டும் என்பதற்காகக் கடன்பட்டு நகை பூண்டு விழாவுக்குச் செல்லும்போதும், சீதனத்தின் எடையைக் கொண்டு ஒரு பெண்ணின் மதிப்பை நிறுக்கும்போதும், நம் கழுத்தில் இருப்பது அணியன்று, சுமை. வெளி அலங்காரத்தைவிட உள்ளத்தின் அமைதியும் பணிவுமே இறைவன் முன் விலையுயர்ந்தது என்று பேதுரு தம் திருமுகத்தில் அறிவுறுத்துவதை நாம் நினைவில் கொள்வோம்.

பிள்ளைக்குப் புனிதரின் பெயரைச் சூட்டுவது எளிது. அப்புனிதரின் வாழ்வை அப்பிள்ளைக்குச் சொல்லிக் கொடுப்பதே கடினம். சொல்லிக் கொடாவிட்டால் பெயர் வெறும் ஒலியாகும். காலம் சென்றால் ஏளனமாகவும் ஆகலாம். இன்றிரவு குடும்ப செபத்துக்குப் பின், உங்கள் பிள்ளைகளை அருகே அழைத்து, அவர்கள் தாங்கும் பெயருக்குரிய புனிதர் யார், அவர் எதை இழந்தார், எதைப் பெற்றார் என்று சொல்லிப் பாருங்கள். அவர்கள் கழுத்தில் அணியும் எந்த ஆபரணத்தையும்விட அது நெடுங்காலம் நிலைத்திருக்கும்.

அரியணையை விட்டிறங்கிச் சகோதரிகளுக்கு நீர் வார்த்த புனித எதெல்திரேதாவே, எங்கள் குடும்பங்களுக்காக மன்றாடும்!